பாலத்தில் பன்னிருவர்

படச்சுருளின் அட்டையில் பதினொருவர் என்றிருந்தது. படத்தில் பன்னிருவர் இருந்தனர்.

"அக்கா, உனக்கு எண்ணத் தெரியாதா?" என்று பக்கத்து அறையிலிருந்து கத்தினான், படத்தொகுப்பாளனான அவள் தம்பி. "பாலத்துல பன்னெண்டு பேர் நடக்குறாங்க."

"கண்ணாடிய தொடச்சிட்டு எண்ணுடா."

"மூணு தடவ எண்ணிட்டேன்."

திரைப்படங்களுக்குப் பழைய காட்சிகளைத் தேடித் தருவது அவள் வேலை. ஒன்பது நாள்களாகக் புளித்த காடி வாடை வீசும் பழைய படச்சுருள்களுக்கிடையே கண்ணெரியக் குனிந்திருந்தவள், இடிந்து விழும் பாலத்தைக் காட்டும் அந்த ஊமைப்படச் சுருளை மட்டும் ஓட்டிப் பார்க்கவில்லை. பழைய அட்டையிலிருந்த குறிப்பை அப்படியே தன் பட்டியலில் பெயர்த்தெழுதி, அட்டையின் 'முழுவதும் பார்த்தேன்' என்ற கட்டத்தில், பதினொரு கையெழுத்துகளின் கீழே தன் கையெழுத்தையும் இட்டிருந்தாள். பாராமல் எழுதிய குறிப்பு குறிப்பன்று, பொய். அஃது அவளுக்குத் தெரியாததன்று. ஆனால் களைப்பு எதற்கும் ஒரு நியாயம் கண்டுபிடித்துவிடுகிறது.

எழுந்து தம்பியின் அறைக்குப் போனாள். பிற்பகல் வெயில் எட்டாத, சன்னலற்ற அறை. மேசைமேல் கையால் சுழற்றும் பார்வைக்கருவி. அதனுள் கொதிக்கும் விளக்கு. தம்பி கைப்பிடியைச் சுழற்ற, உள்ளங்கையளவுத் திரையில், ஆற்றின்மேல் தொங்கிய மரப்பாலத்தில், அவர்கள் முதுகு காட்டி நடந்துகொண்டிருந்தனர். பதினொன்றாமவர் இடக்காலை இழுத்து நடந்தார். அவளுக்கு முன் இவ்வேலையிலிருந்த பெரியவர் அப்படித்தான் நடப்பார். ஒருநாள் காணாமல் போனவர், ஆணியில் மாட்டிய குடையை எடுக்கக்கூடத் திரும்பி வரவேயில்லை. அட்டையின் பதினொன்றாம் கையெழுத்து அவருடையது.

பன்னிரண்டாவது, ஒரு பெண். தோள்பையின் அறுந்த வாரில் ஊக்கு குத்தியிருந்தது.

அவள் தன் தோளில் தொங்கிய பையின் வாரைத் தொட்டாள். ஊக்கு சில்லென்றிருந்தது.

"உன்ன மாதிரியே கூன் போட்டு நடக்குது பாரு." சிரித்தவன் பாதியில் நிறுத்தினான். "அக்கா... இன்னொரு ஆள் வந்துட்டான்."

அப்பெண்ணின் அருகே, தம்பியுடையதைப் போலவே கழுத்துப்பட்டை மடங்கிய சட்டையில் ஒருவன்.

"அட்டையில நீயும் கையெழுத்து..."

"நீ உள்ள வர்றப்பதான் போட்டேன். ஏன்?"

அட்டையைப் பிடுங்கிக் கிழித்தாள். திரையில் எவரும் குறையவில்லை.

எங்கோ நீர் இரைந்தது. ஊமைப்படம் அது.

முதற்பலகை உடைந்தது. முன்னே சென்றவர் மறைந்தார்.

"நிறுத்துடா!"

நிறுத்தினான். விளக்கின் சூட்டில் படம் பழுப்பேறிப் புகைந்தது. தம்பியின் சட்டையிலும் புகை.

"சுடுது அக்கா! சுடுதுக்கா!"

கைப்பிடியைப் பறித்துப் பின்னோக்கிச் சுழற்றினாள். பலகைகள் மீண்டும் ஒட்டின. அனைவரும் பின்வாங்கினர். சுருளின் தொடக்கம் வந்தது. இனி முன்னோக்கி. முதற்பலகை உடையும்வரை. மீண்டும் பின்னோக்கி.

முடியவும் விடக்கூடாது. நிற்கவும் விடக்கூடாது.

தோள் மரத்தது. விரல்கள் எரிந்தன.

"கொஞ்சம் நீ பிடிடா."



தம்பியின் நாற்காலி காலியாகச் சுழன்றுகொண்டிருந்தது. அதன் கீழே தரை நனைந்திருந்தது.

திரையில் கழுத்துப்பட்டை மடங்கியவன் திரும்பி அவளைப் பார்த்தான். வாயசைத்தான். ஓசையில்லை. அக்கா என்று அசைந்தது வாய்.

அவனருகே அந்தப் பெண் திரும்பவில்லை. அவளுடைய வலக்கை வெற்றுவெளியில் எதையோ சுழற்றிக்கொண்டிருந்தது. பின்னோக்கி. முன்னோக்கி. பின்னோக்கி.

பிறகு, அந்தக் கை தளர்ந்தது.