குளிர்பெட்டியில் இருந்த பாரிஸ்

மதியம் ஒன்றேகால். பேகம்பூர் தெருக்கள் வெள்ளிக்கிழமை ஜும்ஆ தொழுகையில் அடங்கியிருந்தன. ஷப்னம் ஃபிரிட்ஜைத் திறந்தாள். கீழ்த்தட்டு காலி. வட்டத் தகரப்பெட்டியைக் காணவில்லை.

அவளுடைய கல்லூரித் தோழி, இன்ஸ்பெக்டர் பவித்ரா உடனே வந்துவிட்டாள்.

"அழாதடி. பழைய ஃபிலிம்தானே?"

"போனதுக்கு அழலடி. அது நைட்ரேட் ஃபிலிம். சூடேறினா தானாப் பத்திக்கும், தண்ணி ஊத்தினாலும் அணையாது. நாளைக்கு ஃபிலிம் காப்பகத்துக்காரங்க வந்து எடுத்துக்குவாங்க. வீட்ல பயந்துருவாங்கன்னு யார்கிட்டயும் சொல்லல."

வெளியே மே மாத வெயில் தகித்தது.

எமில் தொர்வால் என்ற பிரெஞ்சுத் தயாரிப்பாளரின் படம் அது. ஜெர்மானியர் பிடித்திருந்த பாரிஸில் அசட்டுச் சிரிப்புப் படங்கள் எடுத்தவர். போர் முடிந்ததும் துரோகி என்று ஒதுக்கப்பட்டு, மறக்கப்பட்டவர். தேடப்பட்ட யூதர்களைக் கூட்டக் காட்சிகளில் துணை நடிகர்களாக ஒளித்துவைத்தார் என்று ஷப்னம் புத்தகம் எழுதிக்கொண்டிருந்தாள். மிஞ்சிய சாட்சி இந்தச் சுருள் மட்டும்தான். அப்போது பாரிஸில் தோல் வியாபாரம் செய்த அவளுடைய கொள்ளுத்தாத்தா கொண்டுவந்தது. அவரும் அதில் தோன்றுகிறார்.

"காலையில யாரெல்லாம் வந்தாங்க?"

"மூணு பேரு. ஃபிரிட்ஜ் மெக்கானிக் பொன்னுத்துரை, பெட்டி இடிக்குதுன்னு முனகினாரு. என் மாணவன் அழகுராஜா, என்ன விலை போகும்னு கேட்டான். தோல் வியாபாரம் பாக்குற எங்க சித்தப்பா மீரான் சாச்சா, தகரத்தை ஈரத்துல வைக்கலாமான்னு சத்தம் போட்டாரு."

பவித்ரா மூவருக்கும் போன் போட்டாள்.

"தீப்பிடிக்குமா?" பொன்னுத்துரை அலறினார். "யம்மா, நா ஃபிரிட்ஜ் பாக்குறவன், வெடிகுண்டு பாக்குறவன் இல்ல!"

அழகுராஜா ஓடிவந்து பையைக் கவிழ்த்துக் காட்டினான். மீரானின் போன் அணைந்திருந்தது. பள்ளிவாசலில் இருப்பார்.

பவித்ராவின் பார்வை ஜன்னல் கம்பியில் நின்றது. ஒரு துணி சுருக்கமில்லாமல் விரிந்து கிடந்தது.

"பெட்டியச் சுத்தியிருந்த துணி அது," என்றாள் ஷப்னம்.

"நீ காயப்போட்டியா?"

"இல்லையே."

பவித்ராவின் முகம் வெளுத்தது. "ஜீப்ல ஏறு. உங்க சாச்சாவோட தோல் கிட்டங்கிக்கு வழி சொல்லு."

தகரக் கூரை போட்ட சரக்குக் கிடங்கு அது. பரண் கூரையை ஒட்டியிருந்தது. அதன் கீழே மீரானின் மகள் பாஸிலா பரீட்சைக்குப் படித்துக்கொண்டிருந்தாள்.

"வாங்கக்கா. என்னமோ மூக்கை எரிக்குது, பாத்தீங்களா?"

"வெளிய ஓடு!" என்று கத்தினாள் ஷப்னம்.

பவித்ரா பரணில் ஏறினாள். தோல்களுக்கு நடுவே பெட்டி. தொட்ட கை சுட்டது. ஈரச்சாக்கில் பொதிந்து, மூச்சைப் பிடித்துக்கொண்டு வெளியே தூக்கிவந்து, மர நிழலில் வைத்துவிட்டு விலகினாள். தகரம் மெல்லக் குளிர்ந்தது.

தொழுகை முடிந்து தொப்பியோடு வந்து நின்றார் மீரான்.

"நீங்கதான்," என்றாள் பவித்ரா. "திருடன்னா துணியோட சுருட்டிட்டு ஓடியிருப்பான். நீங்க ஈரத்தைத் துடைச்சு, துணியையும் காயப்போட்டீங்க. தோல்காரருக்கு ஈரம்தான் எதிரி. கெடாம இருக்கட்டும்னு ஊர்லயே சூடான எடத்துல வச்சிருக்கீங்க. கீழ உங்க பொண்ணு!"

விவரம் கேட்டதும் மீரான் தரையில் உட்கார்ந்துவிட்டார்.

"ஜெர்மன்காரனுவ நடுவுல தாத்தா சிரிச்சுக்கிட்டு நிக்கிறாராம்ல? புள்ளைக்குச் சம்பந்தம் பேசுற நேரம், துரோகி குடும்பம்னு பேராயிரும்னு பயந்துட்டேன். எரிக்கவும் மனசு வரல. அவர் மொகம் இருக்கே அதுல."

ஷப்னம் அருகே அமர்ந்தாள்.

"அந்தப் பட்டாளத்து உடுப்பெல்லாம் வேஷம் சாச்சா. தேடப்பட்டவங்களுக்குத்தான் தொர்வால் அதை மாட்டிவிட்டாரு. தாத்தா சிரிச்சதும் சும்மா இல்ல. பக்கத்துல நின்ன பையன் பயத்துல நடுங்குறான். கேமராக்குத் தெரியாம அவன் கையைப் பிடிச்சிருக்காரு."

மீரான் பாஸிலாவின் கையைப் பிடித்தார். விடவேயில்லை.