எடுத்து வைத்த நாள்

தினசரிக் காலண்டரில் சனிக்கிழமைத் தாளைக் கிழித்தபோது அடியில் ஞாயிற்றுக்கிழமை இல்லை. தேதியும் கிழமையும் அச்சாகாத ஒரு வெற்றுத் தாள் இருந்தது. அதன் கீழோரத்தில் மட்டும், ராகு காலம் மூன்று முதல் நான்கரை வரை என்று பொடி எழுத்து. அச்சகத்தின் தவறு என்று சந்திரமௌலி நினைத்தான். அப்படித்தானா என்று உடனே சந்தேகப்பட்டான். மூன்று முதல் நான்கரை செவ்வாய்க்கிழமைக்கு உரியது. இன்று 1945 ஜூன் பதினேழு, ஞாயிறு. அதில் அவனுக்குச் சந்தேகமில்லை, ஏனென்றால் இன்று நான்கு மணிக்கு நெல்லையப்பனின் அப்பா வருகிறார்.

பம்பாய் மாட்டுங்காவின் அந்த மாடி அறையில் முன்பு இரண்டு பேர் இருந்தார்கள். சந்திரமௌலி கிளார்க், மாலையில் டைப்ரைட்டிங் வகுப்புக்குப் போவான். திருநெல்வேலிக்காரன் நெல்லையப்பனுக்கு ஜவுளிக் கடையில் வேலை. மழை ஞாயிறுகளில் இருவரும் ஒரு நோட்டில் இல்லாத நாடு ஒன்றைக் கட்டினார்கள். அதற்கென்று ஒரு காலண்டர். பதினொரு மாதம், மாதத்துக்கு முப்பத்துமூன்று நாள். ஈரமண், புகை, நண்டுக்கால் என்று மாதங்களுக்குப் பெயர் வைத்தவன் நெல்லையப்பன். மிஞ்சிய இரண்டு நாட்கள் எந்த மாதத்திலும் சேராத புறநாட்கள். அந்த நாட்களில் நடந்ததை யாரும் யாரிடமும் கேட்கக் கூடாது என்று சந்திரமௌலி விதி எழுதினான்.

"அப்படியே விட்டுர முடியுமா வே?" என்று நெல்லையப்பன் சிரித்தான். "எடுத்து வச்ச நாள மூணாம் வருசம் திருப்பி வைக்கணும்லா. இல்லைன்னா உம்ம நாட்டு ராசா கோடையில குடையப் பிடிச்சிக்கிட்டு நிப்பாரு."

அது சந்திரமௌலிக்குச் சரியாகத்தான் பட்டது. அதையும் விதியாக எழுதிக்கொண்டான்.

1943 ஜூன் பதினைந்து, செவ்வாய்க்கிழமை. நெல்லையப்பனுக்கு அம்மை போட்டு நான்காம் நாள். வெளியே தெரிந்தால் தொற்று ஆஸ்பத்திரிக்குத் தூக்கிப்போக முனிசிபாலிட்டி வண்டி வரும், வீட்டுக்காரர் இருவரையும் காலி செய்யச் சொல்வார். போர்க்காலத்துப் பம்பாயில் இன்னொரு அறை கிடைக்காது. மூன்று மணிக்கு டைப்ரைட்டிங் பரீட்சை வேறு. சந்திரமௌலி நோயாளியின் தலைமாட்டில் வேப்பிலையை வைத்துவிட்டுப் புதுச் செருப்பைப் போட்டுக்கொண்டான். அடிக்கு ஒருமுறை அது கிறீச்சிட்டது.

"பூட்டாதேயும்," என்றான் நெல்லையப்பன். "சும்மா சாத்திட்டுப் போவும்."

"ரெண்டே மணி நேரம். வந்துடறேன்."

வெளியே பூட்டினான். நடைவழியில் பக்கத்து அறை அபயாம்பாள் மாமி நின்றிருந்தாள்.

"முனகறாப்பல கேக்கறதே, உள்ளே யாருடா?"

"உள்ளே யாரும் இல்லை, மாமி. நெல்லையப்பன் கடை வேலையா கல்யாண் ஊருக்குப் போயிருக்கான்."

குரல் துளியும் பிசகவில்லை. பிற்பாடு நினைக்கும்போதெல்லாம் அதுதான் அவனைக் கூசச் செய்தது.

பரீட்சை முடிந்து கிங்ஸ் சர்க்கிள் வரை வந்தான். அதற்கு மேல் கால் வரவில்லை. செம்பூரில் கூடப் படிப்பவன் வீட்டில் படுத்துக்கொண்டான். மறுநாள் காலையில் பூட்டைத் திறந்து தள்ளியபோது கதவு எதிலோ இடித்து நின்றது. தண்ணீர்ப்பானை தூர மூலையில் நிறைந்தபடி இருந்தது. கதவின் உள்பக்கம், தரையை ஒட்டி, மரத்தில் நகக் கீறல்கள்.

அவற்றின் மேல் பச்சைப் பெயிண்ட் அடித்தான். 'கடைசிவரை பக்கத்தில் இருந்தேன், என் கையால் தண்ணீர் கொடுத்தேன்' என்று நெல்லையப்பனின் அப்பாவுக்குக் கடிதம் எழுதினான். நோட்டில் அந்தச் செவ்வாய்க்கிழமையை எடுத்துப் புறநாளாக வைத்தான்.

இது மூன்றாம் வருஷம். இன்று காலை முதல் நோட்டில் ஒரே வாக்கியத்தை ஐந்து முறை எழுதி அடித்துவிட்டான். 'நான்தான் பூட்டிக்கொண்டு போனேன்.' சொல்லிவிட வேண்டும். சொல்வேனா என்று தெரியவில்லை. மூன்று மணிக்கு மழை பிடித்தது; போர்க்கால பிளாக்-அவுட்டுக்காக, வெளிச்சம் வெளியே தெரியாதபடி ஒட்டிய கறுப்புத் தாள் ஜன்னலில் இன்னும் இருந்ததால் அறை பகலிலேயே மங்கி, சுண்ணாம்புச் சுவரின் ஈர நாற்றத்துக்கு நடுவே எங்கிருந்தோ, வாடத் தொடங்கிய வேப்பிலையின் கசப்பு மெல்ல வந்தது. கட்டிலடியில் பார்த்தான். இலை இல்லை. அன்று புதிதாக இருந்த செருப்பு மட்டும், பழசாகி.

நான்கு மணிக்கு நெல்லையப்பனின் அப்பா ஆறுமுகநயினார் நனைந்து வந்து சேர்ந்தார். கையில் கருப்பட்டிப் பொட்டலமும், நனையாமல் எண்ணெய்த்தாளில் சுற்றிய ஒரு புது வேட்டியும்.

"இது ஒங்களுக்குத்தான் தம்பி. அவன் அம்மா குடுத்துவிட்டா. வேண்டாம்னு சொல்லப்பிடாது."

வாங்கிக்கொண்டான். வேட்டியின் கஞ்சி மொடமொடப்பு விரல்களைச் சுட்டது.

"ஒண்ணு கேக்கணும்," என்றார் பெரியவர். "புள்ள ஒத்தையில கெடந்துட்டானோன்னு அவ ராத்திரி ராத்திரி எந்திச்சு உக்காந்துக்கிடுதா. நீங்க கூடத்தான இருந்தீக?"

அந்த வாக்கியம் நாக்கு வரை வந்தது. அவர் கண்கள் அவன் முகத்திலேயே இருந்தன. சுவரில் வெற்றுத் தாள் காற்றில்லாமல் அசைந்தது.

"ஒத்தையா இல்லை," என்றான் சந்திரமௌலி. "நான் இருந்தேன்."

அவர் துண்டால் கண்ணைத் துடைத்தார். முகம் கழுவி வருகிறேன் என்று நடைவழிக் குழாய்க்குப் போனார். கதவை மெல்லச் சாத்தினார்.

குழாய் திறக்கும் சத்தம் வரவில்லை.

பூட்டு விழும் சத்தம் வந்தது.

பூட்டும் சாவியும் மாட்டும் சுவர் ஆணியைப் பார்த்தான். பூட்டும் சாவியும் இல்லை. கட்டிலடியில் செருப்பு இல்லை. தலைமாட்டில், ஈரம் காயாமல், ஒரு கொத்து வேப்பிலை.

எழுந்தான். கால் மடங்கியது. தரை சில்லிட்டது, அல்லது உடம்பு கொதித்தது. மணிக்கட்டில் ஏதோ அரித்தது. நீர் கோத்த மணிகள். ஒன்று. நான்கு. முழங்கை வரை. பானை தூர மூலையில். வாய் உலர்ந்து நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. கதவு அருகில் இருந்தது. ஊர்ந்தான். தட்டினான். கைக்கு எட்டிய உயரம் அவ்வளவுதான். பச்சைப் பெயிண்ட் இல்லை. வெறும் மரம். கீறல் ஒன்றுகூட இல்லாத மரம்.

நகங்களை வைத்தான்.

வெளியே கிறீச்சென்று ஒரு செருப்பு நின்றது.

"முனகறாப்பல கேக்கறதே, உள்ளே யாருடா?"

கத்தினான். முனகல்தான் வந்தது.

"உள்ளே யாரும் இல்லை, மாமி," என்றது அவன் குரல், துளியும் பிசகாமல். பிறகு புதுச் செருப்பு கிறீச், கிறீச்சென்று ஒவ்வொரு படியாக இறங்கிப் போயிற்று.