எழும்பாத பள்ளம்

மூன்றாவது வரிசையில் கிடந்த மெத்தையில் ஒரு பள்ளம் இருந்தது. ஆள் மல்லாந்து படுத்து எழுந்தால் விழுமே, அந்த மாதிரி: தலைக்கு ஒரு குழி, தோளுக்கு அகலமாய் ஒன்று, குதிகால்களுக்குச் சின்னதாய் இரண்டு. மெத்தைக்கடை என்றால் நாலு பேர் படுத்துப் பார்க்கத்தானே செய்வார்கள் என்று நீங்கள் கேட்கலாம். காலையிலிருந்து கொட்டுகிற மழையில் ஒரு ஈ காக்கை கூடக் கடைக்குள் எட்டிப் பார்க்கவில்லை. அதுவும் போக, அது முதல் தரச் சரக்கு. கட்டை விரலால் அழுத்தி எடுத்தால் கண்ணை மூடித் திறப்பதற்குள் எழும்பிவிடும் என்று சொல்லித்தான் மெத்தைக்காரர் அதை ஊரார் தலையிலெல்லாம் கட்டியிருந்தார்.

குனிந்து உள்ளங்கையை வைத்துப் பார்த்தார். சில்லென்று இருந்தது. லேசாக ஈரம்.

"மச்சான், இதுல யாருடா படுத்தது?"

மனைவியின் தம்பி வண்டியில் சரக்கு ஏற்றிக்கொண்டே திரும்பிப் பார்த்தான். "நீங்கதான் அத்தான். வேலை நேரத்துல படுக்கிற தைரியம் இந்தக் கடையில வேற யாருக்கு இருக்கு?"

அவன் சொன்னதில் பாதி நியாயம் உண்டு. அவருடைய வியாபாரமே படுத்துக்கொண்டு செய்கிற வியாபாரம்தான். வாங்க வந்தவர் யோசித்துக்கொண்டு நிற்கும்போது, பேச்சை நடுவில் விட்டுவிட்டு மெத்தையில் சாய்ந்து, அடுத்த மூச்சில் குறட்டை விடுவார். வந்தவர் சிரித்துவிடுவார். சிரித்த ஆளிடம் அதற்கப்புறம் பேரம் பேச என்ன இருக்கிறது? ஆனால் கொஞ்ச நாளாய் அந்தக் குறட்டையை மச்சானிடம் ஒப்படைத்திருந்தார். முதுகுவலி என்றார். விஷயம் வேறு. முதுகு சமமாய்ப் படிந்த மறுகணம் நெஞ்சுக்குள் எங்கிருந்தோ தண்ணீர் ஏறியது. தொண்டைக்குழி வரைக்கும் வந்து நின்றது. எழுந்து உட்கார்ந்தால்தான் இறங்கியது.

இரண்டு வருடத்துக்கு முன்னால் கழுத்தில் கட்டி என்று ஆரம்பித்து, புற்றுநோய் என்று முடிந்த சமாச்சாரம் அவருடையது. குழாய் வழியாகச் சிவப்பு மருந்து இறங்கியது. முடி கொட்டியது, நாக்கு செத்தது, கட்டி கரைந்தது. எமனிடமே பேரம் பேசி முடித்துவிட்டதாக எல்லாரிடமும் அளந்தார். டாக்டரம்மா மட்டும் விடவில்லை.

"இந்த மருந்து நோயை அடிக்கும், கூடவே இதயத்தோட தசையையும் தளர்த்திடலாம். சிகிச்சை முடிஞ்சு வருஷக்கணக்கு கழிச்சுக்கூட வரும். இதயத்துக்கு எக்கோ ஸ்கேன் எடுக்கத் தவறாம வாங்க. ஆரம்பத்துலயே தெரிஞ்சா மாத்திரையிலயே சமாளிக்கலாம்."

விலை பேசி முடித்த பிறகு வண்டிக்கூலி தனி என்கிறவன் மாதிரி இருந்தது அவருக்கு. கடைசியாகப் போனபோது டாக்டரம்மா இன்னொன்றும் கேட்டார். "ராத்திரி எத்தனை தலையணை வெச்சுப் படுக்கறீங்க?"

மெத்தைக்காரனிடம் கேட்கிற கேள்வியா இது? தொழிலையே தொட்டுவிட்ட மாதிரி அவருக்குச் சுருக்கென்றது. "ஒண்ணுதான் டாக்டர். ரெண்டாவது தலையணை வெக்கிறவன் என் மெத்தையை நம்பாதவன்."

டாக்டரம்மா சிரித்துவிட்டார். சிரித்த ஆளிடம் அதற்கப்புறம் என்ன இருக்கிறது. அன்றைக்கு மெத்தைக்காரர் தன் தலைக்கடியில் அடுக்கியிருந்தது தலையணைக் கோபுரம். இப்போது அதுவும் போதாமல் நாற்காலியில் உட்கார்ந்தபடியே விடிய வைத்துக்கொண்டிருந்தார். மனைவியிடம் கொசு என்று சொல்லியிருந்தார்.

மச்சான் வண்டியைக் கிளப்பினான். "அக்கா வந்து உங்களைக் கூட்டிட்டுப் போவா. ஷட்டரைப் பாதி இறக்கிட்டுப் போறேன், சாரல் அடிக்குது. தனியா இருக்க பயமா இருந்தா சொல்லுங்க, ஒரு பொம்மை தர்றேன்."

"போடா."

வண்டியின் சத்தம் மழைக்குள் கரைந்த பிறகுதான் கடை எவ்வளவு பெரியது என்று தெரிந்தது. வெளியே இன்னும் பொழுது முழுதாய்ச் சாயவில்லை. பாதி இறங்கிய ஷட்டருக்குக் கீழே சாம்பல் நிறத்தில் ஒரு பட்டை வெளிச்சம் தரையோடு தரையாய்ப் படர்ந்து, முதல் வரிசையின் கால்களைத் தொட்டு நின்றது. ரப்பரும் பசையும் புதுத் துணியும் கலந்த கடை வாசனைக்கு நடுவே, தேங்கிய தண்ணீரின் வாடை ஒன்று விட்டு விட்டு வந்தது. பிளாஸ்டிக் உறைகள் மெல்லச் சரசரத்தன. காற்றாக இருக்கும் என்று மின்விசிறியை நிறுத்தினார். நிறுத்திய பிறகும் சரசரத்தன.

உட்கார முடியவில்லை. எழுந்தார். நடந்தார். மூச்சு வாங்கியது. மறுபடி கல்லாவுக்கு வந்து உட்கார்ந்தார். செருப்பு கடித்தது. கழற்றினால், வீங்கிய காலில் தோல் வார் பதிந்த இடம் வாய்க்கால் மாதிரி இருந்தது. கால்சட்டையை ஏற்றிவிட்டு, பழக்கதோஷத்தில், சரக்கைச் சோதிப்பது போலக் கணுக்காலுக்கு மேலே கட்டை விரலால் அழுத்தி எடுத்தார்.

குழி எழும்பவில்லை.

பார்த்துக்கொண்டே இருந்தார். அப்போதும் எழும்பவில்லை. மட்டமான சரக்கு.

நிமிர்ந்தபோது இரண்டாவது வரிசையில் ஒரு பள்ளம் இருந்தது. மூன்றாவது வரிசையில் இருந்தது அப்படியே இருக்க, இது புதிது. தலை, தோள், குதிகால். பக்கத்து மெத்தையில் இன்னொன்று, ஒருக்களித்துப் படுத்தது போல. அதற்குப் பக்கத்தில் உட்கார்ந்த தடம் மட்டும். எங்கே படுத்தாலும் முடியாமல், இடம் மாற்றி மாற்றி, புரண்டு புரண்டு, யாரோ கல்லாப் பக்கமாக வந்துகொண்டிருந்தார்கள்.

போன் அடித்தது. மனைவி.

"ஏங்க, கிளம்பிட்டேன். நாளைக்கு ஆஸ்பத்திரி, ஞாபகம் இருக்குல்ல? இந்தத் தடவையும் சாக்கு சொன்னீங்க, கட்டி இழுத்துட்டுப் போயிடுவேன்."

"வர்றேன்மா."

"கூட யாருங்க இருக்கா?"

"யாரும் இல்லையே."

"யாரோ கொரகொரன்னு மூச்சு விடறாங்களே. போன்ல நல்லாக் கேக்குது."

சொல்லிவிடலாம். நாக்கு நுனி வரை வந்தது. குறையைக் காட்டுகிறவன் தோற்றான் என்று சின்ன வயதில் தகப்பனார் கடையில் ஊறிய புத்தி, அதற்கு முன்னால் வாயைத் திறந்தது. "ரேடியோ."

போனை வைத்த பிறகும் கொரகொரப்பு நிற்கவில்லை. அது ஷட்டர் பக்கமிருந்து வரவில்லை. கூரையிலிருந்தும் இல்லை. ஒவ்வொரு மூச்சுக்கும் அடியில், இன்னொரு மூச்சாய், அவருக்கு மிக அருகே கேட்டது.

"சரி," என்றார் கடையைப் பார்த்து. "பேசிக்கலாம். நாளைக்கு எக்கோவுக்குப் போறேன். மாத்திரை தின்னுறேன். உப்பைக் குறைக்கிறேன். இன்னைக்கு விட்டுடு."

பதில் சொல்லாத ஆளிடம் பேரம் பேசக்கூடாது என்று தெரிந்த மனிதர்தான் அவர்.

மனைவியைத் திரும்ப அழைத்தார். மணி அடித்துக்கொண்டே இருந்தது, ஓட்டுகிறவள் எடுக்கமாட்டாள். வாசலுக்குப் போய்விட வேண்டும். காற்று அங்கே இருக்கிறது. அவள் வந்ததும் சொல்லிவிட வேண்டும், எல்லாவற்றையும், தலையணை முதல் நாற்காலி வரை. எழுந்தார். கால்களில் யாரோ மணல் மூட்டை கட்டியிருந்தார்கள். நெஞ்சு தாறுமாறாய் அடித்தது, நொண்டிக் குதிரை ஓடுவது போல. பாதி வழி. மூச்சு இல்லை. இன்னும் கொஞ்சம். இல்லை. முதல் வரிசை மெத்தையின் ஓரத்தில் உட்கார்ந்தார். சாயக்கூடாது.

சாய்ந்துவிட்டார்.

தண்ணீர் ஏறியது. வயிறு. நெஞ்சு. தொண்டை.

பக்கத்தில் மெத்தை அமுங்கியது.

மெதுவாக. ஒரு ஆளின் எடைக்கு. அவர் உடம்பு அந்தப் பக்கமாய்ச் சரிந்தது. சில்லிட்ட தோள் ஒன்று அவர் தோளில் பட்டது. ஈரம்.

வெளியே வண்டி நின்ற சத்தம். கதவு. குடையை உதறும் சத்தம். ஷட்டருக்குக் கீழே மனைவியின் கால்கள்.

"ஏங்க, எங்க இருக்கீங்க? படுத்துட்டீங்களா? உடம்பு ஏதும் பண்ணுதா?"

ஆமாம். அதுதான் சொல்ல வேண்டியது. ஒரே வார்த்தை. வாயைத் திறந்தார். நுரைதான் வந்தது.

"ஒண்ணுமில்லம்மா," என்றது பக்கத்தில் படுத்திருந்தது. அவருடைய குரல். வாடிக்கையாளரிடம் பேசுகிற, கணீரென்ற குரல். "இப்பத்தான் கண்ணசந்தேன். மழையில நிக்காத. வண்டியில உக்காரு, வந்துடறேன்."

அவள் சிரித்தாள். "சரியான தூங்குமூஞ்சி. சீக்கிரம் வாங்க."

கால்கள் திரும்பின. ஒரு படி. இன்னொரு படி. வண்டிக் கதவு மூடியது.

பக்கத்தில் இருந்தது அவர் பக்கமாய்ப் புரண்டு, வாகாய் ஒருக்களித்து, ஈரக் கையை அவர் நெஞ்சின் மேல் போட்டுக்கொண்டது.