மேற்குக் கோபுரத்தின் குரல்

வெண்ணாழி ஆற்றின் மேல் அந்திச் செம்மை மெல்ல மெல்லப் பரவ, கீழ்வானில் முழுநிலா தலைகாட்டத் தொடங்கியிருந்த அந்த ரம்மியமான வேளையில், ஆற்றின் அழகை ரசிக்க அலைவாய்க் கோட்டையில் ஒருவருக்கும் மனமில்லை. வடக்கே, நாணற்காட்டுக்கு அப்பால், மதகரி வேந்தனின் போர்ப் படகுகள் பாய் விரித்துப் புறப்பட்டுவிட்டன.

"வரட்டுமே! நீர்மதில் இருக்கிறதே!" என்று அந்தக் கோட்டையில் பிறந்த சின்னக் குழந்தைகூடச் சொல்லியிருக்கும். வாசகர்களே, அந்த அதிசயத்தை உங்களுக்குச் சொல்லாமல் மேலே போக முடியாது. கதிரவன் மறையும் தருணத்தில் கிழக்குக் கரையில் ஒருவரும் மேற்குக் கரையில் ஒருவரும் தத்தம் பெயரைத் தந்தை பெயரோடு ஆற்றுக்கு அறிவித்து, ஒரே சுருதியில் குரல் சேர்த்தால், நடு ஆற்றில் தண்ணீர் சுவராய் எழுந்து விடியும்வரை நிற்கும். ஒற்றைக் குரல் எவ்வளவு இனிமையாக இருந்தாலும் ஒரு குமிழிகூடக் கிளம்பாது. மந்திரம் என்றால் சும்மாவா?

அன்றைக்குப் பார்த்து, மேற்குக் குரலுக்குரிய காரியாரின் தொண்டை அடியோடு அடைத்துக்கொண்டது. அவர் பாடுமுன் நாவில் தொட்டுக்கொள்ளும் தேனில் மருந்து கலந்திருந்தது. தேன் விற்ற ஊமை வணிகனைப் பிடித்து மேற்குக் கோபுரத்துத் தூணோடு கட்டியிருந்தார்கள். அவனெதிரே, கிழக்குக் குரலுக்குரிய கோமகள் அல்லியங்கோதை இடுப்பில் கைவைத்து நின்றாள்.

"தேவி, அடித்தும் பார்த்தாயிற்று. முனகல்கூட வரவில்லை" என்றார் காவல் தலைவர் அம்பலவர்.

"அடித்தால் வராது, அம்பலவரே. பொறுங்கள்."

அல்லியங்கோதை கண்களை மூடிப் பாடத் தொடங்கினாள். காவலர்கள் மெய்ம்மறந்தார்கள். ஆனால் அந்தப் பொல்லாத பெண் வேண்டுமென்றே சுருதியை மயிரிழை தாழ்த்தியிருந்தாள்! ஊமை வணிகனின் முகம் சோற்றில் கல்லைக் கடித்தவன் முகம்போல் கோணியது. அடக்கினான், பல்லைக் கடித்தான். கடைசியில் அவனையும் மீறி அவன் தொண்டை முனகி, தாழ்ந்த சுருதியை மேலே இழுத்து நிறுத்தியது. கிழக்குக் குரல் சறுக்கினால் தாங்கிப் பிடிப்பது மேற்குக் குரலின் வேலை. சிறு வயதில் அதைப் பழகியவர்களுக்கு அது தூக்கத்திலும் வரும்.

அம்பலவர் வாயைப் பிளந்தார்.

"ஊமைக்கு என்ன அருமையான சுருதி ஞானம்!" என்று சிரித்த கோமகளின் கண்கள் சட்டென்று கலங்கின. "என்னோடு சேர்ந்து இதைப் பழகியவன் ஒருவன்தான். அந்நாளில் மேற்குக் குரலுக்குரியவராயிருந்த சாத்தனாரின் மகன். எயினா! பழைய போரில் நீ மாண்டுவிட்டாய் என்றல்லவா அழுதோம்!"

"மாண்டவர் என் தந்தை, கோமகளே!" என்று சீறினான் அவன். "மேற்குக் கரையோரம் பகைவர் படகில் அவர் கட்டுண்டு கிடந்தபோது நீங்கள் மதிலை எழுப்பினீர்கள். என் கண்ணெதிரே படகு கவிழ்ந்து செத்தார். என்னை எடுத்து வளர்த்தவர் மதகரி வேந்தர்!"

"அன்று கிழக்கே பாடியவர் என் அன்னை. மேற்கே பாடியது யார்?"

"காரியார்..."

"காரியார் அதற்குப் பிறகுதான் பயிற்சியே தொடங்கினார். நீ அந்தப் படகுகளின் நடுவில் இருந்தாயே, உன் தந்தை என்ன சொன்னார்?"

"தம் பெயரைச் சொல்லிக் கத்தினார். தம்மை அடையாளம் கண்டு காப்பாற்றச் சொல்லி..."

"காப்பாற்றச் சொல்கிறவர் தம் தந்தை பெயரையும் சேர்த்தா சொல்வார்?"

எயினன் அப்படியே தூணில் சாய்ந்தான். பெயருக்குப் பின் எழுந்த அந்த நீண்ட ஓசையை, இத்தனை காலமும் மரண ஓலம் என்று அவன் நம்பியிருந்தான்.

"கட்டை அவிழ்த்துவிடுங்கள்" என்றாள் கோமகள்.

"விபரீதம், தேவி! ஓடிவிடுவான்!"

"ஓடினால் ஓடட்டும். கட்டிப்போட்டவனிடமிருந்து இந்தக் குரல் வராது. எனக்கு இவனைத் தெரியும்."

அவன் என்ன சொல்கிறான் என்று கேட்கக்கூட நேரமில்லாமல் அவள் படகேறி அக்கரைக்கு விரைந்தாள். கிழக்குக் கோபுரத்தின் உச்சியை அவள் அடைந்தபோது கதிரவனின் கடைசிக் கீற்றுத்தான் மிச்சமிருந்தது.

"இளவேலர் மகள் அல்லியங்கோதை!" என்று முழங்கிவிட்டுக் குரலெடுத்தாள்.

மேற்கே ஓசையில்லை. பகைவரின் துடுப்புகள் தண்ணீரில் விழும் சத்தம் நன்றாகவே கேட்டது. கோட்டைக்குள் இருக்கும் அத்தனை உயிரையும் ஒருவனை நம்பிப் பணயம் வைத்துவிட்டோமே என்று அவள் நெஞ்சு பதறியது. இம்முறை அவள் சுருதி உண்மையாகவே சறுக்கியது.

"சாத்தனார் மகன் எயினன்!"

நெடுநாள் ஊமையாயிருந்து கரகரத்துப்போன அந்தக் குரல் ஆற்றைக் கடந்து வந்து, சறுக்கிய அவள் சுருதியைத் தாங்கி உரிய இடத்தில் நிறுத்தியது. மறுகணம் வெண்ணாழி பேரிரைச்சலோடு எழுந்து நின்றது. முன்னணிப் படகுகள் ஒன்றோடொன்று மோதித் திரும்பின.

பின்னால் வந்த படகில் மதகரி வேந்தன் அசையாமல் நின்றிருந்தான். சாத்தனாரின் பெயரை அவன் இதே ஆற்றில் முன்பும் ஒருமுறை கேட்டிருக்கிறான். அன்று அது அவனுடைய படகு ஒன்றிலிருந்து கேட்டது. இன்று கோபுரத்தின் மேலிருந்து கேட்டது.