ஒட்டுமுனை ஞானதுரையின் பத்தாவது பருவம்

சங்கு மூன்று முறை அலறியது. காலை எட்டு மணி. வீரர் விடுதியின் அத்தனை கதவுகளும் தாமாகத் திறந்துகொண்டன. இன்று யாரும் உள்ளே தாழிட்டுக்கொள்ள முடியாது. தாழ்வாரத்தின் கோடியிலிருந்து பறிப்பான் கிளம்பிவிட்டது.

பறிப்பான் என்பது இடுப்பளவு உயரமுள்ள ஒரு மூன்று சக்கர இயந்திரம். ஆண்டுக்கு ஒரு நாள்தான் அதற்கு வேலை. நிலாவிலிருக்கும் புதுக்குமரிக் குடியேற்றத்தின் அணியில் தொண்ணூறு பேர் பயிற்சிக்குச் சேர்ந்தால் ஐம்பத்து மூன்று பேர்தான் பருவத்துக்குத் தேறுவார்கள். மிச்சமுள்ள முப்பத்தேழு பேரின் அறைக்குள்ளும் அது நுழையும். வணக்கம் சொல்லும். காதுக்குப் பின்னால் பதித்திருக்கும் நினைவுத்தகட்டிலிருந்து அணியின் வியூகங்களை உருவிக்கொள்ளும். மொத்தம் நானூற்றுப் பன்னிரண்டு. பத்து விநாடியில் முடிந்துவிடும், வலிக்காது. பிறகு வியாழக்கிழமை பூமிக்குப் போகும் கலத்தில் ஓர் இருக்கை எண்ணைக் கொடுத்துவிட்டு அடுத்த அறைக்கு உருண்டுவிடும். பல் துலக்கிக்கொண்டே காதைக் காட்டியவர்களும் உண்டு.

ஆட்டத்தின் பெயர் இன்னமும் அமெரிக்கக் கால்பந்துதான். ஆடுகிறவர்களில் பாதிப் பேர் அமெரிக்காவைப் பார்த்ததில்லை. பந்தைக் காலால் உதைப்பவர்களும் அணிக்கு இரண்டே பேர். மற்ற வேலைகளையெல்லாம் இயந்திரங்கள் எடுத்துக்கொண்ட பிறகும் இந்த ஒன்று மனிதர்களிடமே தங்கிவிட்டது. இரும்பும் இரும்பும் மோதுவதைப் பார்க்க ஒருவரும் வரவில்லை.

இருபத்திரண்டாம் அறையில் எட்வின் ஞானதுரை உட்கார்ந்தான், எழுந்தான், சுவர்வரை நடந்தான், திரும்பினான். வயது முப்பத்தொன்று. ஒட்டுமுனை ஆட்டக்காரன். வரிசையின் ஓரத்தில் ஒட்டிக்கொண்டு நிற்பவனுக்கு அந்தப் பெயர். முதலில் எதிராளியைத் தள்ளி நிறுத்த வேண்டும். அடுத்த கணமே விலகி ஓடிப் பந்தைப் பிடிக்க வேண்டும். ஒழுங்காகத் தடுத்தால் யாரும் கவனிப்பதில்லை. பந்தை நழுவவிட்டால் குடியேற்றமே கவனிக்கும்.

மார்த்தாண்டத்தில் கைப்பந்து ஆடிக்கொண்டிருந்தவனை உயரத்துக்காகப் பிடித்து வந்தார்கள். வீரர் தேர்வு நாளில் ஏழு சுற்றிலும் அவன் பெயர் வரவில்லை. இரண்டு பருவம் பயிற்சி அணியில் மற்றவர்கள் மோதிப் பழக நின்றான். அப்புறம் ஒரு பயிற்சியாளர், தடுப்பதற்கு உடம்பு போதாது என்று பன்னிரண்டு கிலோ ஏற்றச் சொன்னார். ஏற்றினான். அவர் போய் அடுத்தவர் வந்தார். ஓடுவதற்கு உடம்பு அதிகம் என்று ஒன்பது கிலோ இறக்கச் சொன்னார். இறக்கினான். ஆறாவது பருவத்தில் அறுபத்தொரு பந்துகள் பிடித்தான். அப்போது அவன் ஆடிய குடியேற்றத்தின் உணவுக்கூடத்தில் அவன் பேரில் ஒரு பரோட்டா போட்டார்கள். ஏழாவது பருவத்தில் முழங்கால் போயிற்று. பரோட்டாவுக்கும் வேறு பேர் வைத்துவிட்டார்கள். புதுக்குமரி அவனுடைய நான்காவது அணி.

ஒன்பது பருவம் முடிந்திருந்தது. சிக்கலே அந்த ஒன்பதில்தான். பத்தாவது பருவத்தின் முதல் ஆட்டம் முடிகிறவரை பட்டியலில் பெயர் இருந்தால், குடும்பத்துக்கே நிலாவில் நிரந்தரக் காற்றுரிமை. இல்லாவிட்டால் பூமி. அவனுக்குப் பூமி பழகிய இடம். ஆறு வயது மகள் மெர்லின் நிலாவில் பிறந்தவள். அவள் எலும்பு பூமியின் ஈர்ப்பைத் தாங்காது. ஒன்றரை ஆண்டு நீர்த்தொட்டியில் படுக்கவைத்து எலும்பை முற்றவைத்த பிறகுதான் எழுந்து நிற்கவே விடுவார்கள்.

சுவர்த்திரை விழித்துக்கொண்டது. மனைவி பியூலா.

"வந்துட்டுதா?"

"இல்ல. பதினெட்டுல நிக்கு."

"ஒரு இடத்துல இருக்கப்பிடாதா? நீங்க நடக்கியதப் பாத்தா எனக்குத் தலை சுத்துது."

"இருந்தா மட்டும் வராம போவுமா?"

"பிள்ளை அலமாரி மேலேருந்து சாடி வெளையாடிட்டு நிக்கா. அவள எப்படித் தொட்டியில கிடத்த?"

"எனக்குத் தெரியாதா, பியூலா?"

"கோச்சுகிட்ட ஒரு வார்த்தை கேக்க வேண்டியதுதானே?"

"முந்தாநேத்து கேட்டேன். முட்டி எப்படி இருக்குன்னு என்னத் திருப்பிக் கேட்டாரு."

சக்கரச் சத்தம் வாசலில் நின்றது. பியூலா வாயைப் பொத்திக்கொண்டாள்.

"வணக்கம், திரு. எட்வின் ஞானதுரை அவர்களே. தங்கள் உழைப்புக்கு அணி நன்றி கூறுகிறது. தலையை இடப்பக்கம் சாய்க்கவும்."

சாய்த்தான். காதுக்குப் பின்னால் லேசாகச் சில்லிட்டது. பத்து விநாடி.

"உருவியாகிவிட்டது. இனிச் சரிபார்ப்பு. ஒன்றாம் வியூகம் என்ன?"

தெரியாது என்று சொல்ல வேண்டும். அது ஒரு சடங்கு. இதுவரை பறிப்பானிடம் வேறு பதில் சொன்னவர்கள் கிடையாது. உருவிய பிறகு சொல்வதற்கு ஒன்றும் மிஞ்சுவதில்லை.

ஆனால் கேள்வி காதில் விழுந்ததும் ஞானதுரையின் முதுகு நிமிர்ந்தது. கைகள் தாமாகக் கட்டிக்கொண்டன. கண்கள் கூரையில் குத்திட்டன.

"ஒன்றாம் வியூகம், வலது நெருக்கம், ஒட்டுமுனை இரண்டு எண்ணும்வரை தடுத்து, உட்புறம் திரும்பி, ஐந்தாம் கஜத்தில் பந்தை எதிர்நோக்கும். இரண்டாம் வியூகம், வலது நெருக்கம், ஒட்டுமுனை தடுப்பதாகப் பாசாங்கு செய்து..."

"போதும்," என்றது பறிப்பான்.

"...வெளிப்புறம் ஓடும். மூன்றாம் வியூகம்..."

அவனால் நிறுத்த முடியவில்லை. மூன்றாவது பருவத்தில் ஆட்டத்தின் நடுவே ஒருமுறை அவன் தகடு உறைந்துபோய், இருபதாயிரம் பேர் பார்க்க எந்தப் பக்கம் ஓடுவது என்று தெரியாமல் நின்றான். அன்றிலிருந்து தகட்டை நம்பவில்லை. பத்தாம் வகுப்புப் பொதுத்தேர்வுக்குச் செய்ததையே செய்தான். விடிகாலை ஐந்து மணிக்கு எழுந்தான். ஒவ்வொரு வியூகத்தையும் பத்து முறை எழுதினான். எழுதிய தாளைக் கிழித்துக் கழிவறையில் போட்டுவிட்டு, தாழ்வாரத்தில் இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் நடந்தபடி உருப்போட்டான். நான்கு அணிகள். நான்கு தொகுப்புகள். முதல் மூன்று அணிகளையும் ஒப்பந்தம் முடிந்தே விட்டு வந்ததால், பறிப்பானின் கேள்வி இதுவரை அவனிடம் வந்ததில்லை.

"கசிவு! கசிவு!" என்று பறிப்பான் அலறியது. சங்கு மறுபடி பிடித்துக்கொண்டது. தலைமைப் பயிற்சியாளர் வில்வநாதன் ஒற்றைக் காலணியோடு தாவித் தாவி வந்து சேர்ந்தபோது ஞானதுரை இருபத்தாறில் இருந்தான்.

"ஏய், நிறுத்துய்யா!" வாயைப் பொத்தித்தான் நிறுத்த முடிந்தது. "என்ன இது? உருவலையா?"

"உருவியாகிவிட்டது, ஐயா," என்றது பறிப்பான். "தகடு காலி. தலை காலியில்லை."

வில்வநாதன் ஞானதுரையைப் பார்த்தார். "எப்படிய்யா?"

"மனப்பாடம், சார்."

"மனப்பாடமா? தகடுன்னு ஒண்ணு எதுக்குய்யா இருக்கு?"

"மன்னிக்கணும், சார்."

"எவ்வளவு தெரியும்?"

"எல்லாம்."

"நானூத்திப் பன்னண்டுமா?"

"பின்னிணைப்போட, சார்."

சுவர்த்திரையிலிருந்து ஒரு குரல் குறுக்கே வந்தது. "வியூகம் தெரிஞ்ச ஆள அணிய விட்டு வெளிய விடப்பிடாதுன்னு சட்டம் உண்டுல்லா, சார்?"

"நீங்க யாரும்மா?"

"அவருக்க வீட்டுக்காரி."

வில்வநாதன் கட்டிலில் உட்கார்ந்தார். சட்டம் அப்படித்தான் இருந்தது. தகட்டில் இருப்பதை உருவலாம். மூளையில் ஊறிப்போனதை உருவ இன்னும் எந்த இயந்திரமும் வரவில்லை. வெளியே விட்டால் வியாழக்கிழமைக்குள் எட்டு அணிகள் இவனைத் தேடி வரும்.

பிறகு அவர் முகம் மெல்ல மாறியது. போன பருவத்தில் மூன்று ஆட்டங்களில் ஒரே காரணத்தால் தோற்றார்கள். எதிரணியினர் கடைசி நேரத்தில் அலைமறிப்பான் வைத்துத் தகடுகளை முடக்கினார்கள். பதினொரு பேரும் திருவிழாவில் தொலைந்தவர்களைப் போல நின்றார்கள். தகட்டை முடக்கலாம். இவன் தலையை எப்படி முடக்குவார்கள்?

"ஞானதுரை," என்றார், தோளில் கைபோட்டு. "இனிமே நீ ஓட வேண்டாம், தடுக்க வேண்டாம். ஓரக்கோட்டுல என் பக்கத்துல நில்லு. தகடு போனா நீ வாயைத் திற. அது போதும்."

ஐம்பத்து மூன்றாவது பெயரை அடித்துவிட்டு அவன் பெயரை எழுதினார்கள். அன்று மாலைக்குள் குடியேற்றத்தின் எல்லாத் திரைகளிலும் அவன் படம் ஓடியது. 'இயந்திரத்தை வென்ற மனித மூளை' என்று தலைப்பு. பரோட்டா மறுபடி வந்தது.

ஞாயிறு பிற்பகல், முதல் ஆட்டம். குவிமாடத்துக்குள் இருபதாயிரம் பேர். பியூலாவும் மெர்லினும் மூன்றாம் வரிசையில் இருந்தார்கள். மெர்லின் பந்தைப் பார்த்தாள். பியூலா கடிகாரத்தை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தாள். ஆட்டம் முடிய ஒரு நிமிடம் இருந்தது. புதுக்குமரி இரண்டு புள்ளி பின்னால். அப்போதுதான் அலைமறிப்பு விழுந்தது.

பதினொரு தலைகளும் ஒரே நேரத்தில் வெறுமையாகின. வில்வநாதன் சிரித்தார். இதற்காகத்தானே காத்திருந்தார். அடுத்த வியூகத்துக்கு நாற்பது விநாடி.

"ஞானதுரை! மூணாவது முயற்சி, எட்டு கஜம் போகணும், ரெண்டு ஓரத்துலயும் நெருக்கி நிக்கிறான். எதை ஆடலாம்? சொல்லு!"

ஞானதுரை நிமிர்ந்து நின்றான். கைகளைக் கட்டினான். கண்களைக் குவிமாடத்தின் உச்சியில் நிறுத்தினான். உதடுகள் வேகமாக அசைந்தன, சத்தம் வரவில்லை.

முப்பது விநாடி. இருபது. ஆடுகளத்திலிருந்து பதினொரு பேரும் அவனையே பார்த்தார்கள்.

"யோவ், என்னத்த முணுமுணுக்குற?" வில்வநாதன் அவன் தோளைப் பிடித்து உலுக்கினார். "வியூகத்தைச் சொல்லுய்யா!"

ஞானதுரை எரிச்சலோடு கையை உதறினான்.

"முப்பத்தெட்டு வரைக்கும் வந்துட்டேன், நடுவுல பேசிக் கெடுத்துட்டீங்களே, சார்... இனி மறுபடி முதல்லேருந்து வரணும்!"