மணலில் கிடந்த அண்ணன்

"என் பொணத்தைக் காணோம் மேடம்" என்றபடி உள்ளே வந்தார் சினிமா டைரக்டர் மதி. ராயபுரத்தில் துப்பறியும் அலுவலகம் நடத்தும் கார்குழலி டீ டம்ளரைக் கீழே வைக்கவில்லை. உதவியாளன் நசீர்தான் துள்ளி எழுந்தான்.

காணாமல் போனது ரப்பர் பிணம். பழைய கிரேக்க சோக நாடகம் ஒன்றை மதி இங்குள்ள மீனவத் தெருவில் படமாக்குகிறார். செத்துக் கிடக்கும் அண்ணனைப் புதைக்கக் கூடாது என்பது ராஜாவின் கட்டளை. தங்கை அதை மீறிப் புதைப்பாள். மதியின் படத்தில் ராஜாவுக்குப் பதில் ஏரியா தாதா. இன்று சாயங்காலத்துக்குள் அந்தக் காட்சியை எடுக்காவிட்டால் தயாரிப்பாளர் படத்தையே நிறுத்திவிடுவார். பாவம், மனிதர் அழாத குறை.

மூவரும் தெருவுக்குப் போனார்கள். நேற்றுக் காலை முதல் பொம்மை கிடந்த மணலில் சாமந்தி இதழ்களும் பொரியும் சிதறியிருந்தன.

"பூ நீங்க போட்டதா?"

"இல்ல மேடம். கேட்பாரில்லாத பொணமாத் தெரியணுமே."

"மேக்கப் கோதண்டம்தான்க்கா. நேத்து சண்ட போட்டுக்கினு போனாராம்" என்றான் நசீர்.

"கோவத்துல திருடறவன் பூ தூவிக்கினா போவான்?"

எதிர்வீட்டிலிருந்து மீன்குழம்பு வாசனை மூக்கைத் துளைத்தது. படப்பிடிப்புக்குச் சமைக்கும் சொக்கம்மாள், ஈரத்தலையை முடிந்தபடி, "வா நைனா, வஞ்சிரம் கொதிச்சிக்கினு கீது" என்றாள்.

"நேத்தும் மீன்தானா?" என்று மதியிடம் கேட்டாள் கார்குழலி.

"நேத்து பன்னும் டீயும்தான். அடுப்பு சரியில்லன்னாங்க."

கார்குழலி சிரித்துவிட்டாள். "அடுப்புல கோளாறு இல்ல சார். தெருவுல பொணம் கெடந்தா இங்க உலை வைக்க மாட்டாங்க. அடக்கம் முடிஞ்சு, தலை முழுகினப்புறம்தான் பத்தவைப்பாங்க. பொணம் திருடு போச்சுன்னு நீங்க தவிக்கிறீங்க. அடக்கமே ஆயிடுச்சுன்னு இவங்களுக்கு மட்டும் தெரிஞ்சிருக்கு."

சொக்கம்மாள் மறைக்கவில்லை. "ரப்பருன்னு எனக்கும் தெரியும். ஆனா மனுச மூஞ்சியாச்சே அது. நாய் மோந்துகினு போச்சு, மனசு கேக்கல. படகு பக்கத்தாண்டதான் பொதைச்சேன். தப்புன்னா போலீசுல குடு நைனா."

மதி மணலிலேயே உட்கார்ந்துவிட்டார். "என் கதாநாயகிக்கு ஒரு மாசமா இதைத்தான் சொல்லிக் குடுக்கறேன். வரவே மாட்டேங்குது" என்றார்.

"உங்க கதையில ராஜா இன்னா பண்ணுவாரு சார்?" என்றான் நசீர்.

"மனசு மாறுவான். ஆனா எல்லாம் கைமீறிப் போனப்புறம்." மதி எழுந்து மணலைத் தட்டிக்கொண்டார். "நான் இப்பவே மாறிட்டேன். இன்னிக்கு மட்டும் குடும்மா. ஷாட் முடிஞ்சதும் நானே பூ போட்டுப் பொதைக்கறேன்."

அவர் மண்வெட்டியைத் தேடி ஓட, சொக்கம்மாள் சட்டையைப் பிடித்து நிறுத்தினாள்.

"மொதல்ல எல்லாரும் துன்னு முடிங்க. அத வெளிய எடுத்தா நான் அடுப்ப அணைச்சிடுவேன்."