அரை ஏக்கர் வில்லங்கம்

செவ்வாய்க்கிழமை காலையில் பதிவேட்டில் அடித்த சிவப்புக் கோடு வியாழக்கிழமை பின்னேரமாகியும் காயவில்லை. காணிப் பதிவுக் கந்தோரில் கிளாக்கராக இருந்த சிவபாதம் ஒற்றுத்தாளை மறுபடியும் வைத்து அழுத்தி எடுத்தார். தாளில் ஒட்டியது சிவப்பாகக்கூட இல்லை. மழையில் ஊறிய மண்ணைப்போலப் பழுப்பாக இருந்தது.

மலைநாட்டு ஈரத்தில் எதுதான் காயும் என்று தன்னைத் தேற்றிக்கொண்டார். பயந்தவனுக்கு இப்படி ஒரு காரணம் அகப்பட்டால் போதும், அதைப் பிடித்துக்கொண்டு ஒரு நாளை ஓட்டிவிடுவான். அதே பக்கத்தில் அன்றைக்கு அவர் எழுதிய கறுப்பு மை மட்டும் அன்றைக்கே காய்ந்திருந்தது.

அவர் அடித்துவிட்ட வரி ஒரு வில்லங்கம். நோர்வூட் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றில் அரை ஏக்கரை, லயங்களில் குடியிருக்கும் கூலியாட்களின் இறந்த குழந்தைகளைப் புதைக்க என்றைக்கும் விட்டுவைக்க வேண்டுமென்று பழைய வெள்ளைக்காரத் துரை காணி உறுதிப் பத்திரத்தில் எழுதிவைத்திருந்தார். தோட்டத்தைத் துண்டு துண்டாக விற்க வந்த புதிய முதலாளிக்கு அது தொண்டையில் முள்ளாக நின்றது. பக்கத்துத் தோட்டத்துப் பதிவு தவறி இங்கே ஏறிவிட்டது, பிழையைத் திருத்துங்கள் என்று சத்தியக் கடதாசி கொடுத்தார். சரிபார்க்க வேண்டியவர் சிவபாதம். சொந்த ஊரான யாழ்ப்பாணத்துக்கு மாற்றம் வாங்கித் தருவதாகவும் முதலாளி சொல்லியிருந்தார்.

பதிவில் பிழையில்லை என்பது சிவபாதத்துக்கு நன்றாகத் தெரியும். அவருடைய பிள்ளையும் அங்கேதான் கிடக்கிறாள். இரண்டு வருஷத்துக்கு முன், பேர் வைக்கும் முப்பத்தோராம் நாளுக்கு இரண்டு நாள் இருக்கையில் காய்ச்சலில் போனவள். பிஞ்சை எரிக்கக் கூடாது, ஊருக்குக் கொண்டுபோகவும் வழியில்லை. லயத்து ஆண்டியப்பன்தான் குழி வெட்டி, நரி தோண்டாதபடி மேலே கல் அடுக்கினான். அன்றிலிருந்து மனைவி ஜெகதீஸ்வரி வாய் திறப்பதில்லை. ஊருக்குப் போனால் தேறிவிடுவாள் என்றுதான் அவர் கோட்டை அடித்தார். பாவம், அதை நம்பவும் செய்தார்.

நாலு மணிக்கு ஆண்டியப்பன் கந்தோருக்கு வந்தான். தலையில் போட்டிருந்த சாக்கிலிருந்து மழைநீர் சொட்டியது. முதலாளியின் ஆட்கள் செவ்வாய்க்கிழமை மத்தியானமே அந்த இடத்தைக் கொத்தத் தொடங்கிவிட்டார்களாம். ஐயா வீட்டுப் பிள்ளையையாவது எடுத்து வேறிடத்தில் வைப்போமென்று அவன் முந்திக்கொண்டு தோண்டினானாம்.

"அடுக்குன கல்லு அப்படியே இருந்துச்சுங்க ஐயா. அடியில ஒண்ணுமில்ல," என்றான். "அங்க பொதைச்ச எம்புள்ள ரெண்டும் இல்ல. கொத்துன எடமெல்லாம் வெறும் மண்ணு. ஒரு எலும்புகூட இல்லீங்க. அதுகள்லாம் எங்க போயிருக்கும்?"

சிவபாதம் பதிவேட்டை மூடிவிட்டு எழுந்தார்.

குடையை மறந்து வீட்டுக்கு நடந்தார். தேயிலைச் சரிவிலிருந்து இறங்கிய மூடுபனி பாதையை விழுங்கிக்கொண்டிருக்க, காலடியில் சேறு சளக் சளக்கென்று கத்த, எங்கோ பீலிக் குழாயில் ஓடும் தண்ணீரின் இரைச்சல் கூடவே வந்தது. நேற்றுக் காலையில் ஜெகதீஸ்வரி தானாகவே வாய் திறந்து, பால்சுறா வாங்கிவரச் சொன்னது ஞாபகம் வந்தது. பேசிவிட்டாளே என்ற சந்தோஷத்தில் சந்தையெல்லாம் அலைந்து வாங்கிக் கொடுத்திருந்தார். பிள்ளை பெற்றவளுக்குப் பால் ஊறக் கொடுக்கிற மீன் அது. இப்போதுதான் உறைத்தது.

கதவு திறந்து கிடந்தது. விளக்கில்லை. முன்னறையில் யாருமில்லை. அடுப்படியில் ஒரு சத்தம். சின்னச் சத்தம். எதையோ சப்புகிற சத்தம்.

ஜெகதீஸ்வரி அடுப்போரம் காலை நீட்டி உட்கார்ந்திருந்தாள். கன்னம் ஒட்டிப்போயிருந்தது. ஆனால் சிரித்தாள். முந்தானைக்குள் ஏதோ அசைந்தது.

"மெல்லமா வாங்கோ, பிள்ளை குடிக்குது," என்றாள். "மற்றதுகளும் பசியோட இருக்குதுகள். ஒண்டொண்டாத்தான் குடுக்க வேணும்."

அவர் சுவரோரம் பார்த்தார். தணலின் வெளிச்சம் எட்டிய மட்டும், எட்டாத இருட்டிலும், சின்னச் சின்னத் தலைகள். நெருக்கியடித்துக்கொண்டு, சத்தமில்லாமல், எல்லாம் அவள் மடியையே பார்த்துக்கொண்டிருந்தன.